அப்பா பெயர் வைத்த மாடுகள்

மோகனராஜுக்குப் பாரிசவாதம் வந்தபோது ஐம்பத்து நாலு வயது. மாநகர சபையில் தண்ணீர் மீட்டர் வாசிப்பவர். கண்டியின் செங்குத்தான ஒழுங்கைகளில் இருபத்தாறு வருடம் ஏறி இறங்கியவர், ஒரு ஆடி மாதக் காலையில் குளியலறை வாசலில் விழுந்தார். உயிர் தங்கியது. வலது கையும் பேச்சும் போய்விட்டன.

பேச்சு அடியோடு போகவில்லை. மூன்று சொற்கள் மிஞ்சின. ‘ஆ’ என்றால் ஆமாம். ‘வேணா’ என்றால் வேண்டாம். அப்புறம் ‘எங்க’. சொல்வதெல்லாம் அவருக்கு விளங்கியது. பதில்தான் வரவில்லை. மனைவி பிரேமிளாவை எப்படிக் கூப்பிடுவதென்று தெரியாமல் கதிரையின் கையைத் தட்டுவார்.

மகள் லோஜினிக்கு இருபத்தாறு வயது. கண்டி டவுனில் ஒரு மருந்துக் கடையில் வேலை. மகன் யுகேஷ் கட்டாரில். கட்டுகஸ்தோட்டையில், பாலத்திலிருந்து கொஞ்சம் மேலே ஏறினால் அவர்கள் வீடு.

விழுவதற்கு முன்னாலேயே மோகனராஜ் தன் போனில் ஒரு விளையாட்டு வைத்திருந்தார். தோட்டம் போட்டு, மாடு ஆடு வளர்த்து, அறுவடை செய்து விற்கும் விளையாட்டு. மீட்டர் வாசிக்கும் வேலைக்கு நடுவில் எங்காவது மதிலில் உட்கார்ந்து நாலு பாத்திக்குத் தண்ணீர் விட்டுவிட்டு எழும்பிப் போவார். அப்போது அது வெறும் பொழுதுபோக்கு. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த மூன்றாவது வாரம், இடது கையின் ஆள்காட்டி விரலால் அதை மறுபடி திறந்தார். அன்று முழுக்க அவர் கதிரையைத் தட்டவே இல்லை.

கிளினிக்கில் பேச்சுப் பயிற்சி கொடுக்கும் தர்ஷனா மிஸ் அதைக் கேட்டுச் சந்தோஷப்பட்டாள். “விட்டுடாதீங்க, அங்கிள். ஒவ்வொரு மிருகத்துக்கும் ஒரு பேர் வைங்க. நீங்களே டைப் பண்ணணும். மகள் உதவி செய்யக்கூடாது” என்றாள்.

அப்படித்தான் பெயர் வைப்பது தொடங்கியது. புதிதாக ஒரு கன்று வாங்கினால், ‘என்ன பெயர்?’ என்று விளையாட்டு ஒரு சின்னப் பெட்டியைக் காட்டும். முதல் கன்றுக்கு அவர் எடுத்துக்கொண்டது ஒரு முழுப் பகல். ‘ஜலோ’ என்று வந்தது. அழித்தார். ‘லனி’ என்று வந்தது. அழித்தார். மாலையில் லோஜினி வேலையால் வந்தபோது போனை அவள் மடியில் வைத்தார். பழுப்புக் கன்றின் தலைக்கு மேல் ‘லோஜி’ என்று இருந்தது. நோய் வந்த பிறகு அவர் எழுதிய முதல் சொல் அது. அவள் குளியலறைக்குள் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள்.

ஆறு மாதத்தில் பதினொரு பெயர் ஆகிவிட்டன. பிரேமி, யுகே. ஒரு ஆட்டுக்கு மீட்டர். பன்வில தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்து இறந்துபோன தன் தகப்பன் கறுப்பையாவின் பெயரைக் கிழட்டு எருமைக்கு வைத்தார். அதில் ‘று’வும் ‘ப்’பும் இடம் மாறி மாறி வந்து இரண்டு நாள் எடுத்தது. ஒரு வெள்ளைப் பசுவுக்கு ரஞ்சி என்று வைத்தார்.

“யாரு இந்த ரஞ்சி? சொந்தத்துல அப்படி யாரும் இல்லியே” என்று பிரேமிளா இடுப்பில் கைவைத்துக் கேட்டாள்.

மோகனராஜுக்குத் தோள் குலுங்கியது. கோணலான வாயால் சத்தம் வராமல் சிரித்தார். எவ்வளவு கேட்டும் ரஞ்சி யாரென்று அவரால் சொல்ல முடியவில்லை. சொல்ல முடிந்திருந்தாலும் சொல்லியிருக்கமாட்டார் என்று பிரேமிளா பிறகு சொன்னாள்.

மார்ச் மாதத் தொடக்கத்தில் போனின் முன்பக்கம் ஒரு ஓரமாகத் தூக்கிக்கொண்டு வந்தது. லோஜினி அதைக் கட்டுகஸ்தோட்டைச் சந்தியில் இருக்கும் அஸ்ஃபரின் போன் கடைக்குக் கொண்டுபோனாள். அவர் பக்கவாட்டில் பிடித்துப் பார்த்துவிட்டு மேசையில் மெதுவாக வைத்தார்.

“தங்கச்சி, பெட்டரி வீங்கி ஈக்கி. இனி சார்ஜ் போடவே வேணாம். வெடிச்சாலும் வெடிக்கும்.”

“வேற பெட்டரி போட ஏலாதா, நானா?”

“இந்த மொடலுக்கு இப்ப பெட்டரி வாறல்ல. கழட்டப் போனா டிஸ்ப்ளேயும் உடையும். உள்ளுக்கு ஈக்கிற சாமானை வேற போனுக்கு மாத்திக்கோங்க. அதுதான் நல்லம்.”

மாற்றுவதற்கு வீட்டில் ஒரு டெப் இருந்தது. அப்பாவுக்குப் பெரிய திரை வசதி என்று யுகேஷ் தை மாதம் அனுப்பியது. அதில் விளையாட்டை இறக்கித் திறந்தால் ஒரு வெறும் நிலமும் ஒரு கோழியும்தான் வந்தன. மோகனராஜ் ஒருமுறை பார்த்துவிட்டு ‘வேணா’ என்று தள்ளிவைத்துவிட்டார். அதற்குப் பிறகு அது அலுமாரிக்கு மேலேயே கிடந்தது.

அஸ்ஃபர் போனை இன்னும் கொஞ்சம் நோண்டினார். “ஒரு சிக்கல் ஈக்கி. கேம் வாப்பாட ஈமெயில்ல சேவ் ஆகிற மாதிரித்தான் வச்சீக்கி. ஆனா அந்த ஈமெயில் இந்தப் போன்ல லொக் அவுட் ஆகிக் கிடக்கு. எப்பவோ நடந்தீக்கி. அதுக்குப் பொறகு விளையாடினது எல்லாம் இந்தப் போன்ல மட்டும்தான் ஈக்கி. பாஸ்வேர்டைப் போட்டு உள்ளுக்குப் போனா ரெண்டு நிமிஷத்துல மேல ஏறிடும். பொறகு டெப்ல திறந்தா எல்லாம் வந்திடும்.”

“பாஸ்வேர்ட் எனக்குத் தெரியாதே.”

“வாப்பாக்கிட்டக் கேளுங்களேன்.”

அன்று பின்னேரம் லோஜினி அப்பாவின் முன்னால் கொப்பியையும் பேனையையும் வைத்தாள். போனை வைத்து விளக்கினாள். அவருக்கு விளங்கியது. ‘ஆ’ என்றார். இடது கையால் பேனையைப் பிடித்து ஒரு எண் எழுதினார், அதை வெட்டினார், இன்னொன்று எழுதினார். கண்ணை மூடிக்கொண்டார். அந்தச் சொல் உள்ளே எங்கோ இருப்பது அவர் முகத்தில் தெரிந்தது. அரை மணித்தியாலத்துக்குப் பிறகு பேனையைச் சுவரில் எறிந்தார்.

“விடு புள்ள, அவரைப் போட்டு வதைக்காத” என்றாள் பிரேமிளா.

பாஸ்வேர்ட் மறந்தவர்களுக்கு வேறு வழி இருந்தது. கணக்கில் பதிந்த நம்பருக்கு ஒரு கோட் வரும், அதைப் போட்டால் போதும். ஆனால் பதிந்திருந்தது அப்பாவின் பழைய நம்பர். போன வருடம் பொங்கல் கழித்து, சிக்னல் நன்றாகக் கிடைக்கிறதென்று வேறு சிம்முக்கு அவர் மாறிவிட்டார். பழைய சிம் எங்கே போனதென்று யாருக்கும் தெரியாது.

லோஜினி அந்த நம்பருக்கு அழைத்துப் பார்த்தாள். மணி அடித்தது. ஒரு பெண் எடுத்தாள்.

“யாருங்க?”

“அக்கா, நான் கட்டுகஸ்தோட்டையில இருந்து பேசுறேன். இது முந்தி எங்க அப்பாவோட நம்பர்...”

“இது என் நம்பருங்க. அஞ்சு மாசமா நான்தான் வச்சிருக்கேன்.”

“தெரியுங்க அக்கா. ஒரே ஒரு உதவி. உங்க போனுக்கு இப்ப ஒரு கோட் வரும். அதைக் கொஞ்சம்...”

“கோட் கேட்டா யாருக்கும் குடுக்கக் கூடாதுன்னு எம் மகன் சொல்லியிருக்கான். பக்கத்து லயத்துல ஒருத்தருக்கு இப்படித்தான் பேங்க்ல இருந்த காசு பூரா போச்சு. வைங்க போனை.”

லோஜினி மறுபடி எடுத்தாள். அந்தப் பெண் துண்டித்தாள். மூன்றாம் தடவை லோஜினியின் குரல் உடைந்துவிட்டது. “அக்கா, நீங்க சொல்றது சரிதான். நான் உங்க இடத்துல இருந்தாலும் குடுக்க மாட்டேன். நான் நேர்ல வந்தா பாப்பீங்களா?”

இந்தத் தடவை அந்தப் பெண் துண்டிக்கவில்லை. “தெல்தோட்டைக்கு வரணும். ஞாயித்துக்கெழமைன்னா வேலை இல்ல. வடிவம்மான்னு கேட்டா யாரும் காட்டுவாங்க” என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை லோஜினி போனை அணைத்து, துணியில் சுற்றி, கைப்பையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள். அப்பாவின் அடையாள அட்டை, பழைய நம்பர் இருந்த மாநகர சபை வேலை அட்டை, ஆஸ்பத்திரித் துண்டுச் சீட்டு எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டாள். வளைவுகளில் பஸ் சாயும்போதெல்லாம் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். எதற்குப் போகிறாய் என்று பக்கத்துச் சீட்டில் யாராவது கேட்டால் என்ன சொல்வதென்று யோசித்தபடியே போனாள். யாரும் கேட்கவில்லை.

வடிவம்மா நாற்பத்தைந்து வயதிருக்கும், தேயிலைக் கொழுந்து எடுக்கும் பெண். தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்து வாசலில் நின்றபடியே அடையாள அட்டையை வாங்கி, படத்தையும் லோஜினியின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“மூக்கு அப்படியே இருக்கு. சரி, அந்தக் கோட் எதுக்கு?”

லோஜினி போனை உயிர்ப்பித்தாள். நூற்றுக்கு நாற்பத்தொரு வீதம் சார்ஜ் இருந்தது. விளையாட்டைத் திறந்து காட்டி, பெயர்களை ஒவ்வொன்றாக வாசித்தாள். அப்பா எப்படி அவற்றை எழுதினார் என்று சொன்னாள்.

வடிவம்மா திரைக்குக் கிட்டக் குனிந்தாள். “இந்த மாட்டுக்காகவா கட்டுகஸ்தோட்டையில இருந்து வந்தீங்க?” என்று கேட்டாள். கேலி செய்யவில்லை. “வாங்க, இங்க சிக்னல் வராது. மேல கோயில் முடக்குக்குப் போகணும்.”

இருவரும் தேயிலைக்கு நடுவே ஏறினார்கள். பாதை வளையும் கோயில் முடக்கில் நின்று லோஜினி பொத்தானை அழுத்தினாள். வடிவம்மா தன் போனைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தாள். ஆறு நிமிஷம் போனது. சத்தம் வந்தது. வடிவம்மா இலக்கங்களை இரண்டு தடவை வாசித்தாள். லோஜினி போட்டாள்.

திரையில் நாலு வரி வந்தது. லோஜினி வாசித்துவிட்டு அசையாமல் நின்றாள்.

“என்னாச்சு? சரி வரலியா?”

“கோட் சரியாம். ஆனா ரொம்ப நாளா இந்தக் கணக்குக்குள்ள யாரும் போகலியாம். பாதுகாப்புக்காக ஏழு நாள் பொறுக்கணுமாம். அதுக்கப்புறம்தான் பாஸ்வேர்ட் மாத்த விடுவாங்களாம். அதுக்கான வழியை என்னோட ஈமெயிலுக்கு அனுப்புவாங்களாம்.”

“ஏழு நாள்தானே, தங்கச்சி. கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள போயிரும்” என்றாள் வடிவம்மா. வீட்டுக்குக் கூட்டிப்போய் வெறும் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தாள். லோஜினிக்கு அப்போது போன் திரையில் இருந்த பெயர்களை ஒரு படம் எடுத்துவைக்கத் தோன்றவில்லை. ஏழு நாளில் எல்லாமே வந்துவிடும் என்றுதான் இருந்தாள்.

அஸ்ஃபர் சொன்னபடி போனை அணைத்து, பிஸ்கட் தகரத்தில் போட்டு, அலுமாரிக்குள் வைத்தாள். முப்பத்து மூன்று வீதம் இருந்தது. ஏழாம் நாள் ஒருமுறை உயிர்ப்பித்து உள்ளே போக அது போதும்.

அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னாள். ஏழு விரலைக் காட்டினாள். ‘ஆ’ என்றார்.

முதல் நாள் பொறுமையாக இருந்தார். இரண்டாம் நாள் அலுமாரியைப் பார்த்துக்கொண்டே இருந்தார். மூன்றாம் நாள் கதிரையைத் தட்ட ஆரம்பித்தார். டெப்பைக் கையில் கொடுத்தால் கவிழ்த்து வைத்தார். நாலாம் நாள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளினார். அந்த விளையாட்டில் தீனி போடாவிட்டால் மிருகங்கள் படுத்துவிடும். சாகாது, ஆனால் கண்ணை மூடிக்கொண்டு படுத்திருக்கும். அதை அவர் நினைக்கிறார் என்று பிரேமிளாவுக்கு விளங்கியது.

ஆறாம் நாள் பகல், லோஜினி கடையில் இருந்தாள். மோகனராஜ் சுவரைப் பிடித்துக்கொண்டு, வலது காலை இழுத்து இழுத்து அலுமாரி வரை போய்விட்டார். திறக்க முடியவில்லை. நெற்றியை அதன் கதவில் வைத்துக்கொண்டு நின்றார். சமையலறையிலிருந்து வந்த பிரேமிளா அதைப் பார்த்தாள்.

“பத்து நிமிசம். தீனியைப் போட்டுட்டுத் தந்துடணும், சரியா?” என்று சொல்லித் தகரத்தை எடுத்தாள்.

பத்து நிமிஷம் ஒரு மணித்தியாலம் ஆனது. மோகனராஜ் ஒவ்வொன்றாகத் தீனி போட்டார், பாத்திகளைக் கொத்தினார். அவர் முகம் தெளிந்ததைப் பார்த்துக்கொண்டு பிரேமிளா பக்கத்தில் அரிசி புடைத்தாள். பிறகு திரை ஓரத்தில் சார்ஜைப் பார்த்தாள். நாலு வீதம். வாங்கிப் பார்ப்பதற்குள் மூன்று. நாளைக்குப் புள்ளைக்கு வேண்டுமே என்ற பயம் அவளைப் பிடித்துக்கொண்டது. கொஞ்சம்தானே, பக்கத்திலேயே நிற்கலாம் என்று சார்ஜரைக் குத்தினாள்.

சில நிமிஷத்தில் ‘டிக்’ என்று ஒரு சத்தம். திரை ஒரு பக்கம் கிளம்பி, குறுக்கே வெடித்து, கறுத்தது. கடுமையான ஒரு மணம் வந்தது. அவள் வயரைப் பிடுங்கி, போனை முறத்தில் தள்ளி, வெளியே சீமெந்துத் தரையில் கொட்டினாள். நெருப்புப் பற்றவில்லை. மோகனராஜ் கதிரையில் இருந்தபடி இடது கையை வாசல் பக்கம் நீட்டிக்கொண்டிருந்தார்.

லோஜினி வேலையால் வந்தபோது அம்மா வாசற்படியில் உட்கார்ந்திருந்தாள். “நான்தான் குடுத்தேன். அவர்மேல தப்பில்ல” என்றாள். லோஜினிக்குக் கத்த வேண்டும் போல இருந்தது. யாரைப் பார்த்துக் கத்துவது? அம்மாவின் வலது கை விரல் நுனிகள் சிவந்து கொப்பளித்திருந்தன. பழக்கத்தில் கைப்பையைத் திறந்து மருந்தைத் தேடினாள்.

அஸ்ஃபர் போனைத் திறந்து வேறொரு பெட்டரியின் வயரைப் பிடித்துப் பார்த்தார். இன்னொன்றைப் பிடித்துப் பார்த்தார். பின்பு தன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

“போர்ட் எரிஞ்சி பெய்த்து, தங்கச்சி.”

“கொழும்புக்கு அனுப்பினா எடுக்க ஏலாதா?”

“படம் ஏதும் மெமரி கார்ட்ல இருந்தா எடுக்கலாம். இது உள் மெமரி. அதுக்குப் பூட்டு ஈக்கி, அந்தப் போர்டாலதான் அதைத் திறக்க ஏலும். உங்களை ஏமாத்த எனக்கு மனசு வரல்ல.”

மறுநாள் காலை, சொன்ன நேரத்துக்குச் சரியாக, லோஜினியின் ஈமெயிலுக்கு வழி வந்தது. புதிய பாஸ்வேர்ட் போட்டாள். உடனே ஏற்றுக்கொண்டது. டெப்பில் விளையாட்டைத் திறந்தபோது ஒரு கேள்வி வந்தது: இந்தக் கணக்கில் முன்பு சேமித்த தோட்டம் இருக்கிறது, அதை எடுக்கவா? ஒருவேளை எல்லாமே அங்கே இருக்கலாம். அஸ்ஃபர் நானா தவறாகச் சொல்லியிருக்கலாம். ‘ஆம்’ என்பதைத் தொட்டாள்.

தோட்டம் வந்தது. வேலி இருந்தது, குளம் இருந்தது, சோளப் பாத்திகள் விளைந்து நின்றன. போன வருடம் பொங்கல் கழித்து, சிம் மாற்றி ஈமெயில் லொக் அவுட் ஆன நாளில் இருந்தபடியே இருந்தது. அப்பாவுக்கு இரண்டு கையும் பேச்சும் இருந்த காலத்துத் தோட்டம். நாலு மாடு நின்றன. எதன் தலைக்கு மேலும் பெயர் இல்லை. அப்போது பெயர் வைக்க அவருக்கு நேரமும் இல்லை, தேவையும் இருக்கவில்லை.

இதைக் காட்டுவதா, விடுவதா என்று தாயும் மகளும் சமையலறையில் நின்று மெதுவாகப் பேசினார்கள். கதிரை தட்டும் சத்தம் கேட்டது. இன்று ஏழாம் நாள் என்று அவருக்குத் தெரியும்.

லோஜினி டெப்பை அவர் மடியில் வைத்தாள். குளத்தைக் கண்டதும் ‘ஆ’ என்றார். விரல் வேகமாகத் தொழுவத்துக்குப் போனது. நாலு மாட்டையும் தொட்டுப் பார்த்தார். ஆட்டுப்பட்டிக்குப் போனார். அங்கே ஆடு இல்லை. வேலி ஓரமாக ஒரு சுற்று வந்தார். திரும்பவும் தொழுவத்துக்கு வந்தார்.

“எங்க?” என்று கேட்டார்.

அவள் முட்டிபோட்டு உட்கார்ந்து, பழைய சிம்மிலிருந்து ஆரம்பித்து, தெல்தோட்டையையும் ஏழு நாளையும் சொல்லி, கொஞ்சம் கொஞ்சமாக விளக்கினாள். அம்மா சார்ஜ் போட்டதைச் சொல்லாமல் தாண்டிவிடப் பார்த்தாள். “நான் போட்டதையும் சொல்லு” என்றாள் பிரேமிளா கதவுக்குப் பின்னாலிருந்து. அதையும் சொன்னாள். அவர் கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தார். அன்று சாப்பிடவில்லை.

அடுத்த கிளினிக்கில் தர்ஷனா மிஸ் நடந்ததைக் கேட்டாள். “எழுதின பழக்கம் அங்கிள்ட மூளையில இருக்கு, போன்ல இல்ல. அது எங்கயும் போகாது” என்று ஒரு தாளை வைத்தாள். “முதல்ல வச்ச பேரை எழுதுங்க, பாப்போம்.” மோகனராஜ் பேனையை எடுக்கவே இல்லை. யன்னலுக்கு வெளியே நிறுத்தியிருந்த வான்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். தர்ஷனா மிஸ்ஸின் மேசையில் அடுத்தடுத்து ஐந்து பேரின் துண்டுச் சீட்டுகள் காத்திருந்தன. அடுத்த மாதத் திகதியை எழுதிக் கொடுத்தாள்.

யுகேஷ் கட்டாரிலிருந்து வீடியோவில் வந்து, விளையாட்டுக் கொம்பனிக்குத் தானே மூன்று தரம் எழுதியதாகச் சொன்னான். மூன்று தரமும் ஒரே பதில்தான் வந்ததாம். தங்களுடைய சேமிப்பில் இருப்பதை மட்டுமே தங்களால் தர முடியும், சிரமத்துக்கு வருந்துகிறோம். “புதுசா மாடு வாங்கிப் பேர் வச்சா என்னப்பா?” என்று கேட்டான். மோகனராஜ் ‘வேணா’ என்றார்.

ஏப்ரலில், புதுவருட லீவுக்கு முந்திய நாள், லோஜினி கொஞ்சம் நேரத்தோடு வீட்டுக்கு வந்தாள். அப்பா டெப்பைத் தானாகவே எடுத்து மடியில் வைத்திருந்தார். அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. செருப்பைக் கழற்றியதும் கழற்றாததுமாகப் பக்கத்தில் போய் நின்றாள். அவர் எதையும் நடவில்லை. விளைந்த சோளத்தையும் அறுக்கவில்லை. வேலியோடு வேலியாகத் தோட்டத்தைச் சுற்றி வந்துகொண்டிருந்தார். ஒவ்வொரு மூலையிலும் நின்று, பெரிதாக்கிப் பார்த்துவிட்டு, அடுத்த மூலைக்குப் போனார்.

“காலையில இருந்து இப்படித்தான்” என்றாள் பிரேமிளா.

லோஜினி தரையில் உட்கார்ந்தாள். “அப்பா, அதுங்க இதுக்குள்ள இல்லப்பா. எங்கயும் இல்ல. எடுத்துத் தர என்னால முடியல்ல.”

அவர் அவளைப் பார்த்தார். ‘ஆ’ என்றார். தலையையும் ஆட்டினார். பிறகு திரைக்குக் குனிந்து, குளத்துக்கு அந்தப் பக்கம் இன்னும் பார்க்காமல் விட்ட மூலையை விரலால் மெதுவாக இழுத்துக் கிட்டக் கொண்டுவந்தார்.